என் காரில் வந்த மோகினி

ரொறன்ரோவில் பேய்கள் இருந்து, அவை யாரையாவது கண்டு பயந்து ஓடியிருந்தால், அது எங்கள் அலுவலகத்து மோகினியைக் கண்டுதான் இருக்கும். நாங்கள் எல்லோரும் குளிரைப் பற்றியும் 401 நெடுஞ்சாலையைப் பற்றியும் முறைப்பட்டுக்கொண்டிருந்தபோது, அவள் ஒருத்திதான் இந்த ஊரின் பேய்த் தட்டுப்பாட்டைப் பற்றி முறைப்பட்டாள்.

"இவ்வளவு பெரிய நாடு, ஒரு நல்ல பேய் இல்லை" என்று கோப்பிக் கோப்பையைக் கையில் பிடித்தபடி பெருமூச்சு விடுவாள். "குளிருக்கு அதுகளும் வெளியிலை வராதாக்கும்."

அவளுடைய உண்மையான பெயரை நான் எழுதப் போவதில்லை. எழுதினாலும் எங்கள் அலுவலகத்தில் பாதிப் பேருக்கு அது யாரென்று தெரியாது. இருபத்து நாலு வயது. இந்தோனேசியாவில் சுரபாயா நகரத்துப் பெண். இங்கே கல்லூரிப் படிப்பை முடித்து, வேலை செய்ய அனுமதி எடுத்து எங்களிடம் வந்து சேர்ந்தாள். அவள் எங்களோடு கதைத்தது இங்கிலிஷில்தான். ஆனால் நினைத்துப் பார்க்கும்போது அவள் குரல் எங்கள் தமிழில்தான் என் காதில் விழுகிறது. அப்படியே எழுதுகிறேன்.

அலுவலகம் என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். அஜின்கோர்ட்டில் ஒரு பிளாசாவின் மேல்மாடி. கீழே கொத்துரொட்டிக் கடை. கப்பலில் வரும் சாமான்களுக்குச் சுங்கப் பத்திரம் தயாரிப்பது எங்கள் வேலை. என் பக்கத்து மேசையில் யாழ்ப்பாணத்துச் செல்வி அக்கா. கணினிகளைப் பார்த்துக்கொள்வதற்குச் சென்னையிலிருந்து வந்த கார்த்திக். நான் மட்டக்களப்பு.

என்னைப் பற்றி ஒன்று சொல்லிவிட வேண்டும். நான் பெரிய கவலைக்காரி. அடுப்பை அணைத்தேனா என்று பாதி வழியில் யோசிப்பவர்கள் உண்டு. நான் அடுப்பை அணைத்ததை நன்றாக ஞாபகம் வைத்துக்கொண்டு, வேறு யாராவது வந்து திரும்பப் பற்றவைத்திருப்பார்களோ என்று யோசிப்பவள். இப்படிப்பட்ட ஒருத்தியின் காரில் ஏறி உட்கார்ந்து தினமும் பேய்க்கதை சொல்வதற்கென்றே அனுப்பப்பட்டவள் போல மோகினி வந்து சேர்ந்தாள்.

பெயர் வந்தது முதல் வாரத்திலேயே. மத்தியானம் செல்வி அக்கா இடியப்பப் பெட்டியோடு சாப்பாட்டறைக் கதவைத் திறந்திருக்கிறார். உள்ளே விளக்கு இல்லை. கதிரையில் ஓர் உருவம் தலையைப் பின்னால் சாய்த்துக் கிடந்தது. நீளமான கறுப்புத் தலைமயிர். முகம் இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளை வெளேரென்று ஏதோ ஒன்று, அதில் கண்ணுக்கும் வாய்க்கும் மட்டும் துளை.

"ஐயோ, மோகினி!" என்ற அலறல் கீழே கொத்துரொட்டி அடிக்கிற சத்தத்தையும் நிறுத்திவிட்டது.

உருவம் மெதுவாக எழுந்து, முகத்திலிருந்த ஈரக் கடதாசியை உரித்துக்கொண்டு, "சொறி அன்ரி, தோலுக்கு மாஸ்க் போட்டனான்" என்றது.

"உது என்ன கோலம் பிள்ளை! வேலைக்கு வந்த இடத்திலை!"

"ஹீலிங், அன்ரி."

அவர்கள் நாட்டு இளம் பிள்ளைகளுக்கு எல்லாமே 'ஹீலிங்'தானாம். முகத்துக்குப் பூசுவதும் ஹீலிங், கடற்கரைக்குப் போவதும் ஹீலிங், வேலையை விடுவதும் ஹீலிங். அதோடு எதையும் முழுதாகச் சொல்லாமல் சுருக்கியும் விடுவார்கள். நகர மனமில்லாத சோம்பலுக்கு 'மாகெர்' என்று ஒரு சொல். திங்கட்கிழமை காலையில் அவளிடம் ஒரு கோப்பு எடுத்துத் தரச் சொன்னால், "மாகெர், கக்" என்று மேசையில் தலையை வைத்துவிடுவாள்.

இந்த 'கக்' எனக்கு வந்த சோதனை. அவர்கள் மொழியில் மூத்தவர்களை 'கக்கா' என்றுதான் மரியாதையாகக் கூப்பிடுவார்களாம். நம்முடைய அக்கா மாதிரித்தான். அவள் முதல் நாள் முழு அலுவலகத்துக்கும் கேட்க "கக்கா!" என்று என்னைக் கூப்பிட்டபோது, செல்வி அக்கா தேத்தண்ணீரைக் கணினிமேல் துப்பிவிட்டார். நம்முடைய குழந்தைகள் எதைக் கக்கா என்று சொல்லும் என்பதை அந்தப் பிள்ளையைத் தனியே கூட்டிப்போய் விளக்க வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு மற்றவர்கள் முன்னால் 'அக்கா' என்றாள். மறந்துபோன நேரமெல்லாம் 'கக்' என்றாள்.

மோகினி என்ற பட்டத்தில் அவளுக்குக் கோபமே இல்லை. அழகான பேய் என்று அர்த்தம் சொன்னதும் பூரித்துப்போய்விட்டாள். ஏனென்றால் அவள் மாலை நேரத்தில் செய்துவந்தது பேய்க்கதைப் பாட்காஸ்ட். அங்கே இளசுகள் கோப்பிக் கடையில் கூட்டமாக இருந்து பேய்க்கதை கேட்பது, நம்மவர்கள் கிரிக்கெட் பார்ப்பது போலவாம். ஊரிலிருந்து அவர்கள் தங்கள் வீட்டுப் பேய்களை எழுதி அனுப்புவார்கள். இவள் அஜக்ஸ் நகரில் ஒரு பேஸ்மென்டில் போர்வைக்குள் புகுந்து அதைக் குரல் மாற்றிச் சொல்லுவாள்.

அவளிடம் இரண்டு பேய்கள் பிரதானம். ஒன்று போச்சோங். வெள்ளைத் துணியில் சுற்றி, கால் கட்டு அவிழ்க்காமல் விட்ட பிணம். நடக்க முடியாது, துள்ளித் துள்ளித்தான் வரும். மற்றது குந்திலானாக் என்ற பெண் பேய். அது சிரிக்கும். சிரிப்பு பலமாகக் கேட்டால் பயமில்லை, பேய் தூரத்தில் நிற்கிறது. மெதுவாகக் கேட்டால்தான் பக்கத்தில் நிற்கிறது.

இதை அவள் சொன்ன மறுநாளிலிருந்து கார்த்திக் ஜன்னல் இல்லாத கோப்பு அறைக்குத் தனியே போகவில்லை.

"அக்கா, எனக்குப் பேய் பயம்லாம் கெடையாது. எம்.எஸ்சி படிச்சிருக்கேன். சும்மா வந்து பக்கத்துல நில்லுங்க, போதும்."

நான் பயந்தபடியே கூட நிற்பேன். ஒரு நாள் அலுமாரிக்குப் பின்னாலிருந்து மிக மெதுவாக, "ஹி... ஹி..." என்று கேட்டது. எம்.எஸ்சி எனக்கு முன்னால் வாசலைத் தாண்டியிருந்தது. மோகினி அலுமாரிக்குப் பின்னாலிருந்து வெளியே வந்து, "ரெண்டு பேரும் நல்ல வேகம்" என்று பாராட்டினாள்.

அவளுடைய உடுப்பும் ஒரு கதை. புதுத் துணி வாங்கமாட்டாள். பழைய துணிக் கடைகளில் தேடித்தேடி, தன்னைப்போல் இரண்டு பேர் நுழையக்கூடிய ஆண்கள் கோட்டுகளை வாங்குவாள். ஊரில் அவள் வயதுக்காரர்களுக்கெல்லாம் அதுதான் நாகரிகமாம். ஒவ்வொரு கோட்டின் பைக்குள்ளும் கையை விட்டு, பழைய சொந்தக்காரர் எப்படிச் செத்திருப்பார் என்று எங்களுக்குச் சொல்லுவாள். மைனஸ் இருபதிலும் கருப்பட்டிப் பாகு விட்ட ஐஸ் கோப்பிதான் குடிப்பாள். அந்தக் கோட்டுக்குள் அந்தக் கோப்பியோடு அவள் நடுங்குவதைப் பார்த்தால், போச்சோங் ஒன்று வேலைக்கு வந்துவிட்டது என்றே தோன்றும்.

நானும் அஜக்ஸில்தான் இருக்கிறேன். ரயிலும் பஸ்ஸும் மாறி மாறி வருகிற பிள்ளையைப் பார்க்கப் பாவமாக இருந்தது. என் காரில் வரச் சொன்னேன். அன்று தொடங்கியது வினை. பாட்காஸ்டில் போடுவதற்கு முன் ஒவ்வொரு கதையையும் 401இல் என்மேல் பரீட்சித்துப் பார்த்தாள். பக்கத்தில் லொறி உரசிக்கொண்டு போகும், இவள் என் தோளருகே குனிந்து, "அப்ப அந்தப் பின்சீற்றிலை..." என்று குரலைத் தாழ்த்துவாள். நான் "ஐயோ!" என்று கத்துவேன்.

ஒரு நாள் சாவகாசமாகச் சொன்னாள்: "அக்கா, உங்கடை ஐயோவுக்கு எங்கடை ஊரிலை நல்ல பெயர்."

"என்னகா சொல்றாய்?"

என் அலறலைப் பதிவு செய்து நிகழ்ச்சியில் சேர்த்திருக்கிறாள். கேட்கிறவர்கள் எனக்குத் 'தாந்தே ஐயோ' என்று பெயர் வைத்துவிட்டார்கள். தாந்தே என்றால் அன்ரி. கதையில் நான் கத்தாவிட்டால் அந்தக் கதை சரியில்லை என்று எழுதுகிறார்களாம். நான் காணாத ஒரு நாட்டில், என் முகம் தெரியாத பிள்ளைகள் கோப்பிக் கடையிலிருந்து என் பயத்துக்குச் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள்! வீட்டுக்குப் போய் என் கணவரிடம் முறைப்பட்டேன். "அங்கயாவது உன்னைக் கேக்க ஆக்கள் இருக்கே" என்றார்.

பெப்ரவரியில் ஒரு நாள், அறிவித்ததைவிட மோசமாகப் பனி கொட்டத் தொடங்கியது. மத்தியானத்தோடு அலுவலகத்தை மூடிவிட்டார்கள். நானும் அவளும் கிளம்பினோம். போர்ட் யூனியன் றோட்டைத் தாண்டுவதற்குள் முன்னால் எங்கோ லொறிகள் சறுக்கிக் குறுக்கே நின்றுவிட்டன. 401 முழுவதும் மணிக்கணக்காக அப்படியே நின்றது. முன் காரின் சிவப்பு விளக்கைத் தவிர எதுவும் தெரியவில்லை. துடைப்பான் தள்ளத் தள்ளக் கண்ணாடி திரும்பவும் வெள்ளையானது.

என் கவலைகளை ஒவ்வொன்றாக எடுத்து வைத்தேன். பெற்றோல் போதுமா? புகைக்குழாயைப் பனி அடைத்துவிடுமா? பின்னால் வருகிறவன் பிரேக் பிடிப்பானா? எல்லாவற்றையும் வாய்விட்டுச் சொன்னேன். வழக்கமாக இந்த இடத்தில் அவள் புதைகுழி ஒன்றைத் திறப்பாள். அன்று வாயே திறக்கவில்லை.

அப்போதுதான் கவனித்தேன். காலையிலிருந்தே அவள் பேயைப் பற்றி ஒரு சொல் சொல்லவில்லை. ஐஸ் கோப்பி தொடாமலே உருகிக் கிடந்தது. போனைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள். பக்கத்தில் நிற்கிற பேய்தான் மெதுவாகச் சிரிக்கும் என்று அவள் சொன்னது ஞாபகம் வந்தது.

"புள்ள, என்ன?"

"ஒண்டுமில்லை."

"என்னண்டு சொல்லு."

"தம்பியைக் காணேல்லை, கக்."

தம்பி பல்கலைக்கழகத்தில் படிக்கிறான். படித்தும் வேலை இல்லை, கேட்க ஆளில்லை என்று மாணவர்கள் ஊர்வலம் போயிருக்கிறார்கள். இவனும் போனான். பின்னேரம் போனவன் வீட்டுக்கு வரவில்லை. போன் வேலை செய்யவில்லை. அங்கே இப்போது விடியப்போகிற நேரம். தாய் முன்கதவைத் திறந்துவைத்துக்கொண்டு வாசலில் இருக்கிறார். கூட்டாளிகள் அனுப்பிய படங்களில் புகையும் ஓடுகிற கால்களும்தான் தெரிந்தன. அவள் அந்தக் கால்களைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிச் சப்பாத்துகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அங்கை என்ரை வயசுக்காரர் எல்லாம் முதலிலை நாட்டை விட்டு ஓடு, பிறகு யோசி எண்டுதான் கதைக்கிறவை. நான் ஓடி வந்திட்டன். அவன் ஓடமாட்டன் எண்டு நிண்டிட்டான்."

தெரியாத பயமாக இருந்தால் ஏதாவது சொல்லியிருப்பேன். இது எனக்கு நன்றாகத் தெரிந்த பயம். ஊரில் ஒரு முறை ஊரடங்கு போட்ட பிறகும் என் அப்பா வீட்டுக்கு வரவில்லை. அம்மா குப்பி விளக்கின் திரியைக் குறைத்துவைத்துக்கொண்டு வாசற்படியிலேயே இருந்தார். எங்களை அழக்கூட விடவில்லை. காலையில் அப்பா சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தார். காத்தான்குடியில் கூட்டாளி ஒருவரின் கடையில் படுத்தாராம். அந்தக் காலையில் வந்த அப்பாக்களும் உண்டு, வராத அப்பாக்களும் உண்டு. அந்தப் பிள்ளையிடம் இதில் எதைச் சொல்வது?

"கக், ஒரு பேய்க்கதை சொல்லுங்கோ."

"இப்பவா?"

"இப்பதான் வேணும். பேய்க்குப் பயந்துகொண்டிருந்தால் மற்றதுக்குப் பயப்பட இடம் இராது."

அவள் ஏன் நாள் முழுக்கப் பேயோடு குடித்தனம் நடத்தினாள் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. எனக்கோ பேய்க்கதை ஒன்றும் தெரியாது. பயத்தில் ஒன்றையும் கடைசிவரை கேட்டவளில்லை. ஆனாலும் தொடங்கினேன்.

"ஒரு ஊரில ஒரு பேய் இருந்திச்சு. பேர் சரோஜா."

"எப்பிடிச் செத்தது?"

சாவு என்ற சொல்லை அந்தக் காருக்குள் விட எனக்கு மனமில்லை. "அது சாகல்ல" என்றேன்.

"சாகாமல் எப்பிடிப் பேயாகிறது?"

"அதுக்குப் பேய் வேலை கிடைச்சது. பார்ட் ரைம்."

அவள் போனிலிருந்து கண்ணை எடுத்து என்னைப் பார்த்தாள். நான் முன் காரின் சிவப்பு விளக்கைப் பார்த்தபடியே தொடர்ந்தேன். சரோஜாவுக்கு முழங்கால் வலி. புளியமரத்தில் ஏற முடியாது. அதனால் மரத்தடியில் கதிரை போட்டு உட்கார்ந்தது.

"ஆரையும் பயமுறுத்தேல்லையோ?"

"போற வாற ஆக்களிட்ட, சாப்பிட்டாச்சா எண்டு கேக்கும்."

"அவ்வளவுதானோ?"

"இருட்டுக்குள்ள இருந்து கேட்டா அது காணாதா? ஆக்கள் செருப்பையும் விட்டிட்டு ஓடினாங்க. சரோஜா செருப்பெல்லாத்தையும் பொறுக்கிச் சோடி சேத்து வச்சிது."

அவள் சிரித்தாள். சிரித்த வாயை மூடாமலே அழுதாள். இரண்டும் கலந்து அவள் போனைப் பைக்குள் போட்டுவிட்டு மூக்கைத் துடைக்கக் கடதாசி தேடிக்கொண்டிருந்தபோது, காருக்குள் யாரோ உயிர் போகிற மாதிரி, "ஐயோ!" என்று கத்தினார்கள்.

நான் கத்தவில்லை. ஆனால் என் குரல். அது அவளுடைய கோட்டுப் பைக்குள்ளிருந்து திரும்பவும் கத்தியது. பாவி, என் அலறலைத்தான் ரிங்ரோனாக வைத்திருக்கிறாள். வழக்கமாக அலுவலகத்திலும் காரிலும் சத்தத்தை நிறுத்திவைத்திருப்பதால் இத்தனை நாளும் எனக்குத் தெரியாமல் போயிற்று.

அவள் போனை எடுத்துப் பார்த்தாள். ஊர் நம்பர். ஆனால் தெரியாத நம்பர். விரல் திரைக்கு மேலேயே நின்றது. தெரியாத நம்பரிலிருந்து என்ன செய்தி வரக்கூடும் என்று அவளுக்கும் தெரிந்திருந்தது, எனக்கும் தெரிந்திருந்தது. என் குரல் விடாமல் கத்திக்கொண்டிருந்தது.

"என்னாலை ஏலாது. நீங்கள் எடுங்கோ."

கடவுளே என்று வாங்கிக் காதில் வைத்தேன். எனக்கு அவர்கள் மொழியில் பேயைத் தவிர ஒரு சொல்லும் தெரியாது. "ஹலோ?" என்றேன். அந்தப் பக்கம் எங்கோ பள்ளிவாசலில் பாங்கு சொல்லிக்கொண்டிருந்தது கேட்டது. பிறகு ஓர் இளம் ஆண் குரல், சந்தேகத்தோடு, கரகரத்துக்கொண்டு கேட்டது:

"தாந்தே ஐயோ?"

என் வாழ்நாளில் என்னை யாரும் அவ்வளவு அழகாகக் கூப்பிட்டதில்லை. எனக்குத் தெரிந்த ஒரே பதிலைச் சொன்னேன். "ஐயோ!" என்றேன். அவன் சிரித்தான். நான் போனை அவள் மடியில் போட்டுவிட்டு, ஸ்டியரிங்கில் தலையை வைத்துக்கொண்டேன். தலை ஹோர்னில் பட்டு அது வேறு அலறியது.

பொலிஸ் தண்ணீர் பீய்ச்சியதில் தம்பியின் போன் நனைந்து செத்துவிட்டது. ஓடிய ஓட்டத்தில் ஒரு கூட்டாளியின் வாடகை அறைக்குள் ஒளிந்திருக்கிறார்கள். வெளியே சத்தம் அடங்கும்வரை விளக்குப் போடவில்லை. அந்தக் கூட்டாளியின் போனில் கூப்பிடலாம் என்றால் தாயின் நம்பர் இவனுக்குப் பாடமில்லை. இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு யாருடைய நம்பர்தான் பாடம்? கடைசியில், அந்தக் கூட்டாளியும் மோகினிக்குப் பேய்க்கதை அனுப்புகிற ஆள் என்பதால், அவனுடைய போனில் பாட்காஸ்டுக்கென்று இவள் கொடுத்திருந்த நம்பர் இருந்திருக்கிறது.

அவள் தம்பியை ஏசத் தொடங்கினாள். முதலில் ஜாவா மொழியில், பிறகு இந்தோனேசிய மொழியில், பிறகு இங்கிலிஷில். மூன்றும் தீர்ந்ததும், செல்வி அக்காவிடம் பழகிய தமிழில், "மூதேவி! மூதேவி!" என்றாள். பிறகு தாயைக் கூப்பிட்டாள். அந்தப் பக்கம் எழுந்த அழுகை எனக்கு மொழிபெயர்ப்பு இல்லாமலே விளங்கியது. நான் ஜன்னல் பக்கம் திரும்பி, பெற்றோல் போதுமா என்று திரும்பவும் கவலைப்படத் தொடங்கினேன். அது எவ்வளவு சுகமான கவலை என்று அன்றுதான் தெரிந்தது.

கார்கள் மெல்ல நகர்ந்தபோது வெளியே மங்கிவிட்டது. அன்று அவளைத் தன் பேஸ்மென்டுக்குப் போக நான் விடவில்லை. எங்கள் வீட்டுக்குக் கூட்டிவந்து சோறு கொடுத்தேன். இரண்டு தரம் போட்டுச் சாப்பிட்டாள். என் கணவர் மரியாதைக்காக, "ஏதாவது ஒரு பேய்க்கதை சொல்லுங்கோவன்" என்று கேட்டுவிட்டு, அந்தக் கிழமை முழுக்கத் தனியே கீழே போய் உடுப்புத் தோய்க்கப் பயந்தார்.

அந்தக் கோடையில் அவள் ஊருக்குத் திரும்பிவிட்டாள். வேலை அனுமதியை நீட்டிக்கலாம் என்று நாங்கள் எவ்வளவோ சொல்லிப் பார்த்தோம். "ஓடினது காணும், அக்கா. இனிக் கொஞ்சம் யோசிப்பம்" என்றாள். செல்வி அக்கா மிளகாய்த்தூள் பொதி கட்டிக் கொடுத்தார். கார்த்திக் விமான நிலையத்துக்கு வந்து, "நிம்மதியா ஃபைல் ரூமுக்குப் போகலாம்" என்று சொல்லிவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே நின்றான். அவள் அங்கே இப்போது ஓர் அலுவலகத்தில் வேலை பார்க்கிறாள். தம்பி படிப்பை முடிக்கப் போகிறான். இன்னும் ஊர்வலம் போகிறானாம், தாயின் நம்பரைப் பாடமாக்கிவிட்டு.

இந்தக் குளிர்காலத்திலும் பனிப்புயல் எச்சரிக்கை வந்தபடிதான் இருக்கிறது. எச்சரிக்கை வந்ததும் நான் கையுறையைக் கழற்றிவிட்டு முதலில் அவளுக்குத்தான் எழுதுகிறேன். சுரபாயாவில் ஒருநாளும் பனி பெய்யாது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் எழுதுகிறேன்: "புள்ள, வீட்ட போய்ச் சேந்திட்டியா?"